மௌனப் படத்துக்குக் குரல் தந்தவர்: ஆதாங் தெ லா ராமாவும் பிலிப்பைன்ஸ் சினிமாவின் தொடக்கமும்

பிலிப்பைன்ஸ் நாட்டின் திரைப்பட வரலாறு 1919-ஆம் ஆண்டு செப்டம்பர் 12-ஆம் நாளைத் தன் தொடக்கமாகக் கொள்கிறது. அந்நாளில் மணிலாவின் தெயாத்ரோ தெ லா கொமேதியா அரங்கில், அந்நாட்டவர் ஒருவரே தயாரித்து இயக்கிய முதல் முழுநீளக் கதைப்படமான 'தலாகாங் புக்கிட்' திரையிடப்பட்டது. நாட்டுப்புறக் கன்னி என்று பொருள்படும் அத்தலைப்புக்கு உரிய பெண்ணாக நடித்தவர், ஆதாங் என்னும் செல்லப்பெயரால் அறியப்பட்ட ஓனொராத்தா தெ லா ராமா என்ற பதினேழு வயதுப் பாடகி. பிலிப்பைன்ஸின் முதல் திரைநாயகி என்ற சிறப்பு இதனால் அவருக்கு உரியதாயிற்று. ஆயினும் அறுபது ஆண்டுகளுக்கு மேல் நீண்ட அவருடைய கலைவாழ்வில் திரைப்படத்துக்குக் கிடைத்த இடம் மிகச் சிறியது. பெரும்பகுதி மேடையிலும் பாட்டிலுமே கழிந்தது. இந்த முரண்தான் அவ்வாழ்க்கையை ஆராயத்தக்கதாக ஆக்குகிறது. அந்நாட்டுச் சினிமா தன் கதையையும் நடிகரையும் இசையையும் பார்வையாளரையும் எங்கிருந்து பெற்றது, பெற்றவற்றுள் எதை வைத்துக்கொண்டு எதைக் கைவிட்டது என்னும் வினாக்களுக்கு அதிலிருந்தே விடை காணலாம்.

பாட்டு நாடகத்தின் பின்புலம்

ஆதாங் 1902 ஜனவரி 11 அன்று மணிலாவின் பண்டாகான் பகுதியில் பிறந்தார். பாசிக் ஆற்றங்கரையில் அமைந்த பண்டாகான், பிற்காலத்தில் எண்ணெய்க் கிடங்குகளின் இடமாக மாறியபோதிலும், பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் இசைக் கலைஞர்களின் ஊராகப் பெயர்பெற்றிருந்தது. ஐரோப்பிய இசைநாடகங்களை உள்ளூர்க் கலைஞர்களைக் கொண்டே அரங்கேற்றும் வழக்கம் அங்கு வேரூன்றியிருந்ததால் சின்ன இத்தாலி என்ற பெயரும் அதற்கு வழங்கியது. பிலிப்பைன்ஸ் இசைநாடகத்தின் தந்தை என்று போற்றப்படும் லதிஸ்லாவ் போனுஸ் அவ்வூரைச் சேர்ந்தவரே.

அக்காலத்து மேடையை ஆண்ட வடிவம் சர்சுவெலா. வசனமும் பாட்டும் மாறிமாறி வர, இடையிடையே ஆட்டமும் நகைச்சுவையும் கலந்து, இறுதியில் பெரும்பாலும் திருமணத்தில் முடியும் ஸ்பானிய இசைநாடக வகையே இது. ஸ்பானிய ஆட்சியின்போது 1870-களின் இறுதியில் மணிலாவுக்கு வந்த இவ்வகை, முதலில் ஸ்பானிய மொழியிலேயே, அம்மொழி அறிந்த மேல்தட்டினருக்காக நடிக்கப்பட்டது. யேயெங் என்று அழைக்கப்பட்ட பிராக்செதெஸ் ஃபெர்னாண்டெஸ் போன்ற உள்ளூர்ப் பாடகியர் அம்மேடையில் புகழ்பெற்றதே, பெண் ஒருத்தி பாடி நடிப்பதைத் தொழிலாகக் கொள்ள முடியும் என்ற நிலையை உருவாக்கியது. அதற்கு முன் ஊர்த்திருவிழாக்களில் மக்கள் கண்டுவந்தது 'கொமேதியா' என்னும் செய்யுள் நாடகமாகும். கிறித்தவ அரசர்களுக்கும் முஸ்லிம் அரசர்களுக்கும் இடையிலான போர்களையும் காதல்களையும் அணிவகுப்பு நடையோடும் வாட்போரோடும் நாட்கணக்கில் நடித்துக்காட்டுவது அது.

1896-இல் தொடங்கிய புரட்சி, 1898-இல் ஸ்பானிய ஆட்சியின் முடிவு, அதைத் தொடர்ந்த அமெரிக்க ஆக்கிரமிப்பு ஆகியவை நாடகத்தை மக்கள் மொழிகளுக்குக் கொண்டுவந்தன. 1900-இல் கபம்பாங்கன் மொழியிலும், அடுத்து தகாலோக் மொழியிலும் சர்சுவெலாக்கள் தோன்றின. ஆதாங் பிறந்த அதே ஆண்டில், 1902 ஜூன் 14 அன்று, செவெரீனோ ரெயெஸ் எழுதிய 'வாலாங் சுகாட்' அரங்கேறி, புரட்சிக் காலத்துக் காதல் ஒன்றின் வழியே ஸ்பானியத் துறவியரின் கொடுமையைக் காட்டிப் பெரும் வரவேற்பைப் பெற்றது. ஆனால் புதிய ஆட்சியாளர்கள் 1901-இல் கொண்டுவந்த அரசெதிர்ப்புச் சட்டம் சுதந்திரத்தைப் பேசும் நாடகங்களைக் குற்றமாக்கியது. 1903 மே மாதத்தில் தம் நாடகத்தின் வழியே அமெரிக்க ஆட்சியைத் தாக்கிய அவ்ரேலியோ தொலெந்தீனோ சிறைப்பட்டார். இதன் விளைவாக அடுத்த பதினைந்து ஆண்டுகளில் சர்சுவெலா ஆசிரியர்கள் அரசியலிலிருந்து குடும்பத்துக்கும் சமூகச் சீர்கேட்டுக்கும் திரும்பினர். சூதாட்டம், வட்டிக்கொடுமை, கட்டாயத் திருமணம், நகரக் கேளிக்கை ஆகியன அவர்களுடைய கதைப்பொருள்களாயின. 'தலாகாங் புக்கிட்' இத்திருப்பத்தின் விளைச்சலே ஆகும்.

மேடையில் வளர்ந்த சிறுமி

இளமையிலேயே பெற்றோரை இழந்த ஆதாங்கை அவருடைய தமக்கையும் தமக்கையின் கணவரும் வளர்த்தனர். அக்கணவர் சர்சுவெலாக்களுக்கு இசையமைத்துவந்த லியோன் இக்னாசியோ என்பதால், ஒத்திகையும் வாத்தியப் பயிற்சியும் அன்றாடம் நிகழும் வீட்டிலேயே சிறுமி வளர்ந்தார். ஏழு வயதிற்குள் 'மரீனா', 'மஸ்கோத்தா' முதலிய ஸ்பானிய நாடகங்களில் அவர் மேடையேறினார். மேடைத் தொழிலுக்கிடையே கல்வியையும் கைவிடாமல், சென்ட்ரோ எஸ்கொலார் தெ செனோரித்தாஸ் என்னும் மகளிர் கல்வி நிறுவனத்தில் மருந்தாக்கவியல் படித்துப் பட்டமும் பெற்றார். நடிகையரைக் குறைத்து மதிக்கும் மனப்போக்கு எங்கும் நிலவிய காலத்தில், வேறொரு மதிப்புள்ள தொழிலுக்கான தகுதியைப் பெற்ற பிறகும் அவர் மேடையையே தேர்ந்துகொண்டது, அது வறுமையின் வற்புறுத்தலால் மட்டும் அமைந்த தேர்வு அன்று என்பதைக் காட்டுகிறது.

1917-இல், அவருக்குப் பதினைந்து வயதானபோது, 'தலாகாங் புக்கிட்' மேடையேறியது. இதை எழுதியவர் ஹெர்மோஹெனெஸ் இலாகான். இசையமைத்தவர் லியோன் இக்னாசியோ. புலாக்கான் மாநிலத்தின் பிகாவா ஊரில் பிறந்த இலாகான், நல்ல குரல்வளமும் நிர்வாகத் திறனும் ஒருங்கே வாய்ந்தவர். தம் பெயராலேயே ஒரு நாடகக் கம்பெனியை நிறுவி, மணிலாவின் அரங்குகளோடு நில்லாமல் மாநில ஊர்களின் திருவிழாப் பந்தல்கள்வரை நாடகத்தைக் கொண்டுசென்றவர். சர்சுவெலாக்களுள் மிகுதியாக நடிக்கப்பட்டவற்றில் ஒன்றாக 'தலாகாங் புக்கிட்' நிலைபெற்றதற்கு இவ்வலையமைப்பு ஒரு காரணமாகும்.

மற்றொரு காரணம் கதையின் அமைப்பு. ஆங்கெலித்தா என்னும் ஏழைப்பெண் மணிலாவின் நடனவிடுதி ஒன்றின் வாயிலில் பூ விற்கிறாள். சிப்ரியானோ என்னும் சட்டக்கல்வி மாணவனும் அவளும் ஒருவரையொருவர் விரும்புகின்றனர். அவளுடைய பெற்றோரோ சூதாட்டத்தில் மூழ்கி, தோன் சில்வெஸ்த்ரே என்னும் வயதான வட்டிக்காரனிடம் கடன்பட்டுக் கிடக்கின்றனர். கடனுக்கு ஈடாக மகளை அவனுக்கு மணமுடிக்கவும் துணிகின்றனர். அவளைக் கவரும்பொருட்டு அக்கிழவன் வாக்குச்சீட்டுகளை விலைக்கு வாங்கி அழகுராணிப் போட்டியில் அவளை வெற்றிபெறச் செய்கிறான். ஆனால் முடிசூட்டுக்கு முன்பே அவள் தன் காதலனோடு தேவாலயம் சென்று மணம்புரிந்து திரும்ப, செய்தியறிந்த கிழவன் மயங்கி விழுகிறான்.

இக்கதையின் ஒவ்வொரு கூறும் அன்றைய பார்வையாளருக்குப் பழகிய உலகிலிருந்து எடுக்கப்பட்டது. நடனவிடுதிகள் அமெரிக்க ஆட்சியோடு பெருகியவை. வாக்குச்சீட்டால் ராணியைத் தேர்ந்தெடுக்கும் வழக்கம் 1908-இல் தொடங்கி ஆண்டுதோறும் நடந்த மணிலா கார்னிவல் என்னும் பெருங்கண்காட்சியால் பரவியது. அங்கு செய்தித்தாள்களின் வழியே திரட்டப்பட்ட வாக்குகளே ராணியை முடிவுசெய்தமையால், செல்வரின் பணம் அழகை வெல்லும் என்ற ஏளனம் பார்வையாளருக்கு விளக்கமின்றியே புரிந்திருக்கும். நாடகத்தில் ஆங்கெலித்தா பாடும் உடைந்த குடத்தின் பாட்டு, தண்ணீர்க் குடத்தைச் சுமந்துசெல்லும் பெண் இடறி விழக் குடம் உடைந்துபோவதைச் சொல்லிக்கொண்டே, அவளுடைய கன்னிமையையும் இரட்டுறப் பேசுவது. குறும்பும் வெகுளித்தனமும் ஒரே குரலில் கலந்து ஒலிக்க வேண்டிய அப்பாட்டை ஆதாங்கின் மேல்ஸ்தாயிக் குரல் தன் உடைமையாக்கிக்கொண்டது. நாடகத்தின் வெற்றியோடு அவர் மணிலாவின் முதல்வரிசைப் பாடகியானார்.

திரை மேடையைத் தேடிய விதம்

அசையும் படங்கள் பிலிப்பைன்ஸை அடைந்தது 1897 ஜனவரியில். மணிலாவின் வணிக வீதியான எஸ்கொல்தாவில் பெர்த்தியேரா என்னும் ஸ்பானியர் நடத்திய கூடத்தில் அவை முதன்முதலாகக் காட்டப்பட்டன. அடுத்த இருபது ஆண்டுகள் படத்தொழில் வெளிநாட்டவர் கையிலேயே இருந்தது. 1912-இல் எட்வர்ட் கிராஸ், ஆல்பர்ட் யர்ஸ்லி என்னும் இரு அமெரிக்கர் போட்டியிட்டுக்கொண்டு, நாட்டுத் தியாகியான ஹோசே ரிசாலைப் பற்றித் தனித்தனியே படமெடுத்தனர். கிராஸின் மனைவி தித்தாய் மொலீனா சர்சுவெலா மேடையின் நடிகை; தம் கணவரின் படங்களில் அவரும் தோன்றினார். ஆகவே, அயலவர் எடுத்த முதற்படங்களிலேயே கேமராவின் முன் நின்றவர்கள் நாடகக் கம்பெனியினர்தாம் என்பது கருதத்தக்கது. உள்நாட்டில் நடிப்புப் பயிற்சி பெற்றோரும், பொதுமக்கள் அறிந்த முகங்களும் வேறெங்கும் இல்லை.

இத்தொழிலைத் தன்னாட்டவர் கைக்குக் கொண்டுவந்தவர் ஹோசே நெபொமுசேனோ. 1893-இல் மணிலாவில் பிறந்து, நிழற்பட நிலையம் ஒன்றை நடத்திவந்த அவர், அதை விற்று, கிராஸும் யர்ஸ்லியும் விட்டுச்சென்ற படக்கருவிகளை வாங்கி, தம் உடன்பிறந்தார் ஹெசூசுடன் இணைந்து 1917-இல் மலையான் மூவீஸ் என்னும் நிறுவனத்தைத் தொடங்கினார். முதலிரண்டு ஆண்டுகள் கதைப்படத்தில் இறங்காமல், 1918-இல் அரசியல் தலைவர் செர்ஹியோ ஒஸ்மேன்யாவின் மனைவியின் இறுதிச்சடங்கைச் செபுவில் பதிவுசெய்தது போன்ற செய்திப்படங்களால் கைத்திறனைப் பழக்கிக்கொண்டார். கதைப்படத்துக்கு முனைந்தபோது அவர் தேர்ந்தது 'தலாகாங் புக்கிட்'. கதை மக்களுக்கு மனப்பாடம். நடிகர் தம் பகுதிகளை நூற்றுக்கணக்கான முறை நடித்துத் தேர்ந்தவர்கள். உடையும் விளம்பரமும் பெயரும் ஏற்கெனவே உள்ளவை. அமெரிக்கப் படங்கள் நிறைந்த சந்தையில், அப்படங்களால் தரவியலாத ஒன்றாக உள்ளூர்க் கதை இருந்தது. முதலீட்டின் இடரைக் குறைக்க இதனினும் ஏற்ற வழி ஒரு புதிய தயாரிப்பாளருக்கு இல்லை. மேடையில் ஆங்கெலித்தாவாக நடித்த ஆதாங்கும், சிப்ரியானோவாக மார்செலியானோ இலாகானும் படத்தில் நடித்தனர்.

படத்தின் எழுத்துப் பலகைகள், அதாவது மௌனப் படங்களில் காட்சிகளுக்கிடையே கதையையும் உரையாடலையும் எழுத்தில் காட்டும் சட்டங்கள், ஆங்கிலம், ஸ்பானியம், தகாலோக் ஆகிய மும்மொழிகளிலும் அமைந்தன. முதியோரும் செல்வரும் ஸ்பானியம் பேச, 1901 முதல் அமெரிக்கப் பள்ளிகளில் பயின்ற இளையோர் ஆங்கிலம் வாசிக்க, பெருந்திரளான மக்கள் தகாலோக்கையே அறிந்திருந்த நகரம் அன்றைய மணிலா. நாடக அரங்குகளில் வகுப்புக்கு ஒன்றாகப் பிரிந்துகிடந்த பார்வையாளரை ஒரே கூடத்தில் சேர்க்கும் ஆற்றல் திரைக்கு உண்டு என்பதைத் தயாரிப்பாளர் உணர்ந்திருந்ததை இவ்வேற்பாடு உணர்த்துகிறது.

ஆனால் பாட்டு நாடகத்தைப் பேசாப் படமாக்கும்போது பாட்டை என்செய்வது என்ற சிக்கல் எஞ்சியது. பாட்டை நீக்கிவிட்டால் மக்கள் எதற்காக நாடகத்தை விரும்பினரோ அதுவே நீங்கிவிடும். இதற்குக் கண்ட தீர்வு எளியது: படம் ஓடும்போது ஆதாங் அரங்கிலேயே நின்று, எக்காளம், வயலின், பியானோ ஆகியவற்றின் துணையோடு, உடைந்த குடத்தின் பாட்டை நேரில் பாடினார். திரையில் வாயசைக்கும் தம் உருவத்துக்குத் தாமே குரலாக இருந்தார். மௌனப் படங்களுக்கு வாத்திய இசை சேர்ப்பது உலகெங்கும் நிலவிய வழக்கமே. கதைநாயகியே நேரில் வந்து தன் பாட்டைப் பாடுவதோ திரைப்படக் காட்சியைப் பாதி சர்சுவெலாவாக மாற்றியது. பிலிப்பைன்ஸின் முதல் கதைப்படம் முழுமையாகக் காட்டப்படுவதற்கு ஒரு மேடைப் பாடகியின் உடலும் குரலும் கூடத்தில் இருக்கவேண்டியிருந்தது. இதைக் கருதினால், அக்காட்சியைச் சினிமாவின் தோற்றம் என்று குறிப்பதோடு சர்சுவெலாவின் நீட்சி என்றும் குறிப்பதே பொருந்தும்.

திரை கேட்டதும் அவர் கொடுத்ததும்

'தலாகாங் புக்கிட்' ஈட்டிய வெற்றி நெபொமுசேனோவைத் தொடர்ந்து படமெடுக்கத் தூண்டியது. அக்கதையின் வட்டிக்காரனையே தலைப்பில் கொண்ட 'லா வெங்கான்சா தெ தோன் சில்வெஸ்த்ரே' என்னும் படத்தையும் அவர் எடுத்தார். ஆனால் 1920-களில் படங்கள் பெருகப் பெருக, அவை வேண்டிய நடிகையின் வகை மாறியது. ஹாலிவுட் படங்களால் பழகிய கண்கள் அண்மைக்காட்சியில் ஒளிரும் இளமுகத்தை எதிர்பார்த்தன. பேசாப் படத்தில் குரல் ஒரு தகுதியாக எண்ணப்படவில்லை. ஐரோப்பிய அல்லது அமெரிக்கக் கலப்புடைய 'மெஸ்தீசா' என்னும் கலப்பினப் பெண்களுக்குத் திரையில் முதலிடம் கிடைக்கலாயிற்று. டிம்பிள்ஸ் என்ற மேடைப்பெயர் கொண்ட இசபெல் ரொசாரியோ கூப்பர் 1926-இல் 'ஆங் தத்லோங் ஹம்போக்' படத்தில் லூயிஸ் துவாசோனுடன் நடித்த முத்தக்காட்சி பிலிப்பைன்ஸ் திரையின் முதல் முத்தமாகப் பேசப்பட்டது. ஜெர்மானியத் தந்தைக்குப் பிறந்த மேரி வால்டர் 1928-இல் 'ஆங் லூமாங் சிம்பாஹான்' படத்தின் வழியே நாயகியானார். கூப்பர் பின்னர் அமெரிக்கத் தளபதி டக்ளஸ் மக்கார்தருடனான உறவால் அறியப்பட்டு, ஹாலிவுட்டில் சிறு வேடங்களைக்கூட எளிதாகப் பெறமுடியாமல் 1960-இல் லாஸ் ஏஞ்சல்ஸில் இறந்தார். வால்டரோ நாயகி வேடத்திலிருந்து முதுமைப் பாத்திரங்களுக்கு மாறி, 1990-கள்வரை திரையில் நிலைத்தார். திரையை மட்டும் நம்பிய நடிகையின் வாழ்க்கை எவ்வளவு வேறுபட்ட முடிவுகளுக்கு இட்டுச்செல்லும் என்பதற்கு இவ்விருவரும் எடுத்துக்காட்டு.

ஆதாங் இப்போட்டியில் இறங்கவில்லை. அவருடைய வலிமை குரலில் இருந்தது, குரலுக்கு மேடை இருந்தது. 1926-இல் அரங்கேறிய 'ஆங் கிரி' என்னும் சர்சுவெலாவில் ஆண்களை மயக்கும் பெண்ணாக நடித்து, ஆங்கெலித்தாவின் வெகுளித்தனத்துக்கு நேரெதிரான பாத்திரத்திலும் அவர் வெற்றிகண்டார். இதற்கும் இசை லியோன் இக்னாசியோவே. ஆனால் சர்சுவெலாவின் பொற்காலம் அப்போது முடிந்துகொண்டிருந்தது. ஒரு பக்கம் சினிமா பார்வையாளரை இழுத்தது. மறுபக்கம் பாட்டு, ஜாஸ் ஆட்டம், நகைச்சுவைத் துணுக்கு, வித்தைக்காட்சி ஆகியவற்றைத் தொகுத்து அளிக்கும் அமெரிக்க வாடவில் வகை, 'போதபில்' என்ற பெயரில் மணிலாவின் அரங்குகளைப் பிடித்தது. திரையரங்குகள் படத்துக்கு முன்னும் இடையிலும் போதபில் நிகழ்ச்சிகளை நடத்தியதால், நீண்ட நாடகத்துக்கான இடம் சுருங்கியது.

இப்புதிய மேடையிலும் ஆதாங் தம்முடைய இடத்தைப் பெற்றார். அமெரிக்கப் பாட்டுகள் நிறைந்த நிகழ்ச்சிகளில் அவர் குந்திமான் பாடினார். குந்திமான் என்பது மூன்று எண்ணிக்கைத் தாளத்தில், மென்சோகச் சுரவரிசையில் தொடங்கிப் பிற்பகுதியில் தெளிந்த சுரவரிசைக்கு மாறும் தகாலோக் காதற்பாட்டு. ஃபிரான்சிஸ்கோ சந்தியாகோவும் நிக்கனோர் அபெலார்தோவும் அதை இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கலைப்பாடலாக உயர்த்தினர். 1907 முதல் 1919 அக்டோபர்வரை பிலிப்பைன்ஸ் கொடியைக் காட்டுவதே சட்டப்படி தடைசெய்யப்பட்டிருந்த நாட்டில், எட்டாக்காதலிக்காக ஏங்கும் பாட்டு, எட்டாத விடுதலைக்காக ஏங்கும் பாட்டாகவும் கேட்கப்பட்டது. குந்திமானின் அரசி என்ற பட்டம் ஆதாங்குக்கு வழங்கியதன் பொருளை இப்பின்னணியில் வைத்தே அறியவேண்டும்.

அவர் அரங்குகளோடு நிற்கவில்லை. ஊர்ச் சதுக்கங்களிலும், ஞாயிறுதோறும் மக்கள் கூடும் சேவற்சண்டைக் களங்களிலும், நாட்டின் மலைவாழ் மக்களிடையேயும் அவர் பாடினார். ஹவாய், கலிபோர்னியா, நியூயார்க், ஹாங்காங், ஷாங்காய், டோக்கியோ ஆகிய இடங்களுக்கும் சென்றார். தோட்டத் தொழிலாளராகவும் பண்ணைக் கூலிகளாகவும் பல்லாயிரம் பிலிப்பைன்ஸ் இளைஞர் புலம்பெயர்ந்திருந்த ஹவாயிலும் கலிபோர்னியாவிலும், தாய்மொழிப் பாட்டைக் கேட்கும் அரிய வாய்ப்பை அவருடைய பயணங்கள் தந்தன. 'அனாக் நி ஏவா', 'புலாக்லாக் நாங் கபுந்துகான்' ஆகிய நாடகங்களை எழுதி, பிறர் எழுதியதை நடிப்பவர் என்ற நிலையையும் அவர் கடந்தார்.

குரல் திரைக்கு வந்தபோது

1933-இல் நெபொமுசேனோவின் 'புன்யால் நா கின்டோ' முதல் தகாலோக் பேசும்படமாக வெளிவந்தது. பதினான்கு ஆண்டுகளுக்கு முன் ஒரு பாடகியை அரங்கில் நிறுத்திப் பெறவேண்டியிருந்த குரல் இப்போது படச்சுருளிலேயே பதிந்தது. குந்திமானும் சர்சுவெலாவும் உடனே திரைக்குள் நுழைந்தன; 1937-இல் தொடங்கிய சம்பாகித்தா, 1938-இல் தொடங்கிய எல்விஎன் ஆகிய நிறுவனங்கள் பாட்டும் காதலும் கலந்த படங்களையே தம் முதன்மைச் சரக்காகக் கொண்டன; 1940-இல் வந்த 'பகியுசாப்' சந்தியாகோவின் புகழ்பெற்ற குந்திமான் ஒன்றின் பெயரையே தாங்கியிருந்தது. ஆதாங்கின் திறமைக்கு ஏற்ற திரை இதுவே. ஆனால் அது வந்துசேர்ந்தபோது அவர் முப்பது வயதைக் கடந்திருந்தார், திரையின் காதல்நாயகியரோ பதின்பருவத்தினர். 1939-இல் 'ஆங் கிரி'யைத் தழுவிய 'மஹிவாகாங் பினிபினி' படத்தில் அவர் நடித்தது, திரை தனக்கு முதலில் உயிர்தந்த மேடைக்குச் செலுத்திய காலங்கடந்த கடன் எனலாம்.

1932-இல் அவர் கவிஞரும் இதழாசிரியருமான அமாதோ ஹெர்னாண்டெஸை மணந்தார். ஜப்பானிய ஆக்கிரமிப்பின்போது கொரில்லாப் படையினருக்காக உளவுப்பணி ஆற்றிய ஹெர்னாண்டெஸ், போருக்குப் பின் தொழிற்சங்கப் பேரவையின் தலைவரானார். 1951 ஜனவரியில், அரசுக்கு எதிரான கலகத்தில் பங்குகொண்டதாகக் குற்றஞ்சாட்டப்பட்டுச் சிறைப்பட்டார். கலகக் குற்றத்தோடு கொலை முதலியவற்றை இணைத்து ஒரே கூட்டுக்குற்றமாகக் கருதமுடியாது என்று உச்சநீதிமன்றம் 1956-இல் வகுத்த தீர்ப்பு, அந்நாட்டுச் சட்டத்தில் இன்றும் ஹெர்னாண்டெஸ் கோட்பாடு என்றே வழங்குகிறது. அவ்வாண்டு பிணையில் வெளிவந்த அவர் 1964-இல்தான் முற்றிலும் விடுதலை பெற்றார். கணவர் சிறையில் கவிதையும் நாடகமும் எழுதிய அவ்வாண்டுகளில், பெயரும் பணமும் தரும் திரையுலகத்துக்கு வெளியே, பாட்டால் வாழ்ந்த ஒரு பெண்ணாக ஆதாங் தம் குடும்பத்தைத் தாங்கவேண்டியிருந்தது. ஹெர்னாண்டெஸ் 1970-இல் மறைந்தார். 1973-இல் இலக்கியத்துக்கான தேசியக் கலைஞர் என்னும் நாட்டின் உயரிய கலை விருது அவருக்கு வழங்கப்பட்டது.

எஞ்சியதும் அழிந்ததும்

'தலாகாங் புக்கிட்' இன்று இல்லை. எளிதில் தீப்பற்றி, வெப்பத்திலும் ஈரத்திலும் சிதையும் நைட்ரேட் சுருளில் பதிவான பிலிப்பைன்ஸ் மௌனப் படங்கள் காலத்தால் அழிந்தன. எஞ்சியிருந்தவற்றுள் பலவற்றை 1945 பிப்ரவரி, மார்ச் மாதங்களில் மணிலாவைத் தரைமட்டமாக்கிய போர் விழுங்கியது. போருக்கு முந்திய கதைப்படங்களில் 'சம்போவாங்கா', 'கிலியு கோ', 'துனாய் நா இனா', 'பகியுசாப்', 'இபோங் அதார்னா' எனக் கைவிரல்களில் எண்ணத்தக்கனவே முழுமையாகக் கிடைக்கின்றன. அவையெல்லாம் 1937 முதல் வெளிவந்த பேசும்படங்கள். அரசு தன் பொறுப்பில் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் ஒன்றை நிலையாக அமைத்தது 2011-இல்தான். நாட்டின் முதல் படம் எப்படி இருந்தது என்பதை நாடகப் பிரதியையும் இசைக்குறிப்பையும் நினைவுகளையும் கொண்டே வரலாற்றாசிரியர் ஊகிக்கவேண்டியுள்ளது. நிலைத்திருக்கும் ஊடகம் என்று கருதப்படும் திரைப்படம் அழிந்து, அன்றோடு மறையும் கலை என்று கருதப்படும் நாடகம் பாடகரின் நாவிலும் ஏட்டிலும் எஞ்சியது. 1970-களில் சர்சுவெலாவுக்கு மறுவாழ்வளிக்கும் முயற்சிகள் தொடங்கியபோது, பழைய மேடையின் பாணியை நேரில் அறிந்தவராக ஆதாங் இருந்தார். உடைந்த குடத்தின் பாட்டும் பாடப்பட்டே வந்தது.

திரைப்பட வரலாற்று நூல்கள் ஆதாங் தெ லா ராமாவை முதல் நாயகி என்று ஒரு வரியில் குறித்துவிட்டு, பிற்காலத்துத் தாரகையரிடம் விரைகின்றன. அவ்வரி உண்மையே ஆயினும், சினிமா அவருக்குப் புகழ்தந்தது என்னும் எண்ணத்தை அது உண்டாக்கிவிடுகிறது. நிகழ்ந்தது அதன் மறுதலை: தன் நாட்டில் கதையோ நடிகரோ இசையோ இல்லாதிருந்த புதிய ஊடகம், ஏற்கெனவே புகழ்பெற்றிருந்த ஒரு மேடைப் பாடகியின் பெயரைக் கடன்வாங்கியே தன் முதல் அடியை எடுத்துவைத்தது, குரல் வேண்டாத காலத்தில் அவரை விட்டு விலகி, குரல் வேண்டிய காலத்தில் அவர் வளர்த்த இசைமரபைத் தன் அடித்தளமாக்கிக்கொண்டது. பிலிப்பைன்ஸ் சினிமாவின் வரலாறு 1897-இன் படக்கருவியோடு மட்டுமன்றி, 1902-இன் சர்சுவெலா மேடையோடும் தொடங்குவதாக எழுதப்படவேண்டும் என்பதற்கு அவருடைய வாழ்க்கையே போதிய ஆதாரம்.

1987 மே 8 அன்று குடியரசுத் தலைவர் கொராசோன் அகீனோவின் அரசு அவருக்குத் தேசியக் கலைஞர் விருதை அளித்தது. அவர் 1991 ஜூலை 11 அன்று மறைந்தார். திரைப்படத்துக்கென்று தனிப்பிரிவு அவ்விருதில் அப்போதே இருந்தது. இயக்குநர் ஹெரார்தோ தெ லியோன் 1982-இல் அப்பிரிவில் விருதுபெற்றிருந்தார். முதல் திரைநாயகிக்கு அரசு வழங்கிய விருதோ நாடகத்துக்கும் இசைக்கும் உரியது.